மாண்புமிகுவின் வலது கை

மாண்புமிகு வபொம்பாவின் வலது கை ஒரு பெண்ணுடையது. நைரோபியில் ஒரு பத்துப் பேருக்கு மட்டும் தெரிந்த விஷயம் அது. ஞாயிற்றுக்கிழமை செய்தி முடிந்ததும் ‘பெரிய தலைகள்’ நிகழ்ச்சியில், நீர்ப்பாசன அமைச்சர் வபொம்பாவைப்போலவே செய்த ரப்பர் பொம்மை ஒன்று மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து அணையைப் பற்றி அளந்துவிடும். பார்க்கிற ஜனங்களுக்கு வாயும் அமைச்சருடையது, கையும் அமைச்சருடையது. வாய்க்குள் ஒருவர் கை, சட்டைக்குள் இன்னொருவர் கை என்று யார் பிரித்துப் பார்க்கப்போகிறார்கள்?

அந்த வலது கைக்குச் சொந்தக்காரியின் பெயர் கலாயி. தமிழ்க் காதுக்கு அது தொழிலுக்கென்றே வைத்த பெயர்போலத் தோன்றலாம். மேற்கே புக்குசு இனத்தாரிடம் தெருவுக்கு இரண்டு கலாயி உண்டு. இந்தக் கலாயி நைரோபிக்கு வந்து முதலில் சடை பின்னும் கடையில்தான் நின்றாள். மணிக்கணக்காக நின்று, நூல் நூலாகப் பிரித்து, மண்டையோடு ஒட்டிப் பின்னுகிற வேலை. அவளுடைய விரல்களைப் பார்த்துவிட்டு, பொம்மைத் தலைகளுக்கு முடி நட்டுத் தருவாயா என்று அந்த நிகழ்ச்சிக்காரர்கள் கூட்டிக்கொண்டு போனார்கள்.

ரப்பர் நுரையை அச்சில் ஊற்றி, அடுப்பில் வேகவைத்து எடுக்கிற தலைகள் அவை. சரியாக வேகாவிட்டால் கன்னம் உள்ளே போய்விடும். எதிர்க்கட்சிப் பெரும்புள்ளி ஒருவர் அப்படித்தான் ஒரு வருடம் முழுக்கக் காசநோய்க்காரராக உலவினார், அதை அரசியல் விமர்சனம் என்று பத்திரிகைகள் பாராட்டி எழுதின. கலாயி அந்தத் தலைகளுக்கு முடி நட்டாள், மீசை ஒட்டினாள், வழுக்கைக்கு மெருகு போட்டாள். ஒருநாள் அமைச்சருக்குக் கை போடுகிற பையன் காய்ச்சலில் படுத்துவிட்டான். வாய் போடுகிற ஒவிதி, கிசுமுக்காரர், பெரிய உடம்பு, மேசைக்கு அடியிலிருந்து கூப்பிட்டார்.

“சடை பின்ற கைதானே தங்கச்சி. வா, உள்ள வா. கடிக்க மாட்டேன்.”

“எனக்கு ஒண்ணும் தெரியாதுண்ணே.”

“அமைச்சருக்கு மட்டும் தெரியுமாக்கும்?”

அன்று உள்ளே போனவள்தான். ஒரு பொம்மைக்கு இரண்டு ஆள் வேண்டும். ஒவிதியின் வலது கை பொம்மையின் வாயில், இடது கை பொம்மையின் இடது சட்டைக்கையில். அவருடைய விலாவோடு ஒட்டிக் குந்தி, கலாயி தன் வலது கையைப் பொம்மையின் வலது சட்டைக்கைக்குள் விடுவாள். பெண் கை தெரியாமலிருக்கப் பஞ்சு வைத்துத் தைத்த கையுறை, மேலே தடித்த மோதிரம். அவளுடைய இடது கை சும்மா இருக்காது, கண்ணை உருட்டுகிற பிடியை அழுத்திக்கொண்டிருக்கும். குரலை முன்னாலேயே பதிவு செய்து வைத்திருப்பார்கள். இருவரும் தரையில் வைத்த சின்ன டிவியைப் பார்த்தபடி அந்தக் குரலுக்கு உடம்பு கொடுப்பார்கள். முழங்கால் போய்விடும், தோள் போய்விடும், ஒவிதி மத்தியானம் வெங்காயம் தின்றிருந்தால் உயிரும் போய்விடும். ஆனாலும் கலாயிக்கு அந்த வேலை பிடித்துப்போனது. யாரும் பார்க்காத இடத்தில் உட்கார்ந்துகொண்டு ஊரைச் சிரிக்கவைக்கிறோம் என்பதில் அவளுக்கு ஒரு கள்ளச் சந்தோஷம் இருந்தது.

நூல் விஷயம் இப்படித்தான் பிறந்தது. பேட்டி எடுக்கிற பொம்மை, “அணை எப்போது முடியும், மாண்புமிகு அவர்களே?” என்று கேட்கும். அமைச்சர் “அடுத்த மழைக்குள்” என்பார். குரல் கொடுத்தவர் நடுவில் மூச்சு வாங்கிவிட்டார். இடைவெளி நீண்டுவிட்டது.

இயக்குநர் வமூயு கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒலிபெருக்கியில் சொன்னாள். “அந்த எடத்துல கை என்னமாவது செய்யணும் கலாயி. சும்மா செத்த மீனாட்டம் கெடக்குது.”

மறுபடி ஓடவிட்டார்கள். இடைவெளி வந்தது. கலாயி யோசிக்கவில்லை. அவள் கை தானாகவே பொம்மையின் இடது சட்டைக்கைக்குப் போயிற்று. அங்கே இல்லாத ஒரு நூலை இரண்டு விரலால் கிள்ளி எடுத்தது. பெருவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே உருட்டியது, பொறுமையாக, நன்றாகத் திரளும்வரை உருட்டியது. பிறகு மேசைக்கு வெளியே நீட்டிக் கீழே போட்டது. அவள் கண்பிடியையும் அழுத்தினாள். அமைச்சர் அந்த நூல் தரையில் விழுகிறவரை பார்த்துவிட்டு, “அடுத்த மழைக்குள்” என்றார்.

கேமராக்காரர் சிரித்ததில் படம் ஆடிப்போயிற்று. ஒவிதி மேசைக்கு அடியில் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

“எங்கேருந்து புடிச்ச இதை?”

“சும்மா, வந்துச்சு.”

சும்மா வரவில்லை. அது மேற்கே கிமிலிலி ஊரில் இருக்கும் அவளுடைய மாமனார் முலோங்கோவின் கை.

அந்த வீட்டில் மருமகள் மாமனாரோடு கை குலுக்குவதில்லை, அவர் நாற்காலியில் உட்காருவதில்லை, அவர் முகத்தை நிமிர்ந்து பார்ப்பதில்லை. நகரத்துப் படிப்பாளிகள் பலர் இதையெல்லாம் விட்டுவிட்டார்கள். முலோங்கோ வீட்டில் விடவில்லை, முக்கியமாக மாமியார் நாபலாயோ விடவில்லை. மாமனாரும் மருமகளும் ஒரே அறையில் இருந்தாலும் பேச்சு மாமியார் வழியாகத்தான் போய்வரும். கலாயிக்கு அவர் முகம் கல்யாணப் போட்டோவில் தொப்பிக்குக் கீழே பார்த்த முகம்தான். ஆனால் சாப்பாட்டுக்கு முன்னால் கிண்ணத்தை ஏந்தி அவர் கையில் நீர் ஊற்றுகிறவள் அவள். குனிந்த தலைக்கு எதிரே எப்போதும் இருந்தது அந்தக் கைதான். எட்டு வருடமாக அவளுக்கு மாமனார் என்றால் அந்தக் கை.

அந்தக் கை நூல் எடுப்பதை அவள் முதலில் பார்த்தது பெண் கேட்டு வந்த அன்று. அவளுடைய அண்ணன், “கல்யாணத்துக்கு அப்புறமும் இவ நைரோபியில வேலைக்குப் போவா, உங்களுக்குச் சம்மதமா?” என்று கேட்டான். முலோங்கோவின் கை கால்சட்டை முழங்காலிலிருந்து ஒரு நூலை எடுத்து, உருட்டி, கீழே போட்டது. அப்புறம்தான் “அது அந்தப் பொண்ணு இஷ்டம்” என்றார். கலாயி அன்றே முடிவுகட்டிவிட்டாள், மனுஷன் பொய் சொல்கிறார் என்று. வேலைக்குப் போகிற மருமகளை அவருக்குப் பிடிக்கவில்லை, நாகரிகத்துக்காகச் சொல்கிறார் என்று. அதிலிருந்து ஒவ்வொரு நூலையும் அவள் ஒரு பொய்யாகவே கணக்கில் வைத்துக்கொண்டாள். அமைச்சர் பொய் சொல்ல வேண்டிய இடத்தில் அவள் கைக்கு வேறென்ன வரும்?

நூல் பிடித்துக்கொண்டது. ஒவ்வொரு வாரமும் அமைச்சர் ஒரு நூலாவது எடுக்காமல் ஜனங்கள் விடவில்லை. பள்ளிக்கூடத்தில் வீட்டுப்பாடம் செய்யாத பிள்ளையிடம் வாத்தியார், “நூல் எடுக்காம உண்மையைச் சொல்லு” என்றார். தாமதமாக வந்த புருஷனைப் பெண்டாட்டி வாசலில் நிறுத்தி, “மொதல்ல நூலை எடுத்து முடி, அப்புறம் கதையைச் சொல்லு” என்றாள். நாடாளுமன்றத்தில் ஒரு உறுப்பினர் இன்னொருவரைப் பார்த்து விரலை உருட்டிக் காட்ட, சபாநாயகர் அந்த விரலை அவைக்குறிப்பிலிருந்து நீக்கினார். கடைசியில் நிஜ வபொம்பாவே பொதுக்கூட்டத்தில் கோட்டிலிருந்து ஒரு நூலை எடுத்துக் காட்டிக் கைதட்டல் வாங்கினார். அரசியல்வாதிக்கு வெட்கம் என்பது சட்டையில் ஒட்டிய நூல்தானே, தட்டிவிட்டுப் போய்விடலாம்.

கிமிலிலியிலும் டிவி இருந்தது. முலோங்கோ வீட்டில் எல்லாரும் ‘பெரிய தலைகள்’ பார்ப்பார்கள். மருமகள் அங்கே பொம்மைக்குத் தலை வாருகிறாள் என்று பெருமையாகவும் சொல்லிக்கொள்வார்கள். கை போடுகிறாள் என்பது அவர்களுக்குத் தெரியாது. கலாயி சொன்னதில்லை.

டிசம்பரில் எல்லாரையும்போல அவளும் புருஷன் சித்துமாவும் பஸ் பிடித்து ஊருக்குப் போனார்கள். சித்துமா நைரோபியில் ஒரு பள்ளிக்கூடத்துச் சோதனைக்கூடத்தில் வேலை பார்க்கிறவன், சண்டை என்றால் ஒதுங்கிப் போகிறவன். கிறிஸ்துமஸ் சப்பாத்தியும் கோழியும் தட்டில் வந்தன. கலாயி கிண்ணத்தோடு மாமனார் முன்னால் மண்டியிட்டாள். முலோங்கோ கையை நீட்டி, அவசரமாக நனைத்துக்கொண்டு, சாப்பிட்டார். சாப்பிட்டு முடித்ததும் வலது கை கோட்டுப் பைக்குள் போய்விட்டது. சாயங்காலம் வரை அது வெளியே வரவில்லை. மறுநாளும் அப்படியே. தேநீர்க் கோப்பையைக்கூட இடது கையால் வாங்கினார்.

“அத்தை, மாமாவுக்குக் கையில என்ன? அடிபட்டிருச்சா?” என்று அடுக்களையில் கேட்டாள் கலாயி.

நாபலாயோ கீரையை முறித்துக்கொண்டே சொன்னாள். “கைக்கு ஒண்ணுமில்ல. மானத்துக்குத்தான் அடி. உங்க டிவிதான் காரணம்.”

கலாயியின் கையிலிருந்த கத்தி நின்றது.

“நம்ம பக்கத்து வீட்டுத் தெக்லா இருக்காளே, புருஷன் செத்தவ. ஓடை வரைக்கும் போற அந்தத் துண்டு நிலம் தனக்குன்னு கொழுந்தன் குன்டு வந்து நிக்கிறான். தெக்லா புருஷனும் உங்க மாமாவும் சேந்து கற்றாழை நட்டு வச்ச எல்லை அது. அதைப் பாத்து தெக்லாவுக்காகச் சொல்லக்கூடிய ஆளுங்கள்ல இன்னிக்கு உசுரோட இருக்கறது உங்க மாமா ஒருத்தர்தான். நெலத் தகராறைத் தீக்கற சீஃப் கூட்டத்துல சாட்சி சொல்லப் போனாரு. குன்டு எழுந்து, ‘எங்கண்ணன் போனப்புறம் இந்தப் பெரியவருக்கு அந்த வீட்டு மேல என்ன இவ்வளவு அக்கறை’ன்னு நாக்கு மேல பல்லுப் போட்டுக் கேட்டான்.”

“மாமா என்ன சொன்னார்?”

“சொல்லலையே. சொல்லாம இருக்கத்தான் கை நூல் எடுக்கப் போச்சு. கூட்டத்துல எவனோ ஒருத்தன், ‘பாரு பாரு, பெரியவர் நூல் எடுக்கறார்’னான். அவ்வளவுதான். சீஃப் உட்பட எல்லாரும் சிரிச்சுட்டாங்க. அன்னிலேருந்து கையை வெளிய எடுக்கமாட்டேங்கறாரு. ஜனவரி மாசம் மறுபடி கூட்டம். ‘நான் வாயைத் தொறந்தா சிரிப்புத்தான் வருது, அந்தப் பொண்ணுக்கு நெலம் வராது’ங்கறாரு.” கீரைக் காம்பை வீசினாள் நாபலாயோ. “அமைச்சரைப் பாத்துக் கத்துக்கிட்டாராம். இவரு மாடு மேய்ச்ச காலத்துலேருந்து எடுக்கறாரு. அந்த வபொம்பா அப்பப் பொறந்தே இருக்கமாட்டான்.”

“அத்தை.” கலாயி கத்தியைக் கீழே வைத்தாள். “எதுக்கு எடுப்பார் மாமா?”

“எதுக்கா? வாயைக் கட்டறதுக்கு. கெட்ட வார்த்தை ஒண்ணு நாக்கு நுனிக்கு வந்துருச்சுன்னா அதைச் சொல்லாம, நூலா உருட்டிக் கீழ போட்டுருவாரு. அவங்கப்பா வாய்க்கு அஞ்சி ஊரே ஓடும். அப்படி ஆகிடக் கூடாதுன்னு சின்ன வயசுலயே பழக்கிக்கிட்டது. எனக்கு எடுத்த நூலை மட்டும் சேத்து வச்சிருந்தா ஒரு போர்வை நெய்திருக்கலாம்.”

கலாயி வெளியே போய் தண்ணீர்த் தொட்டியோரம் நின்றாள். அவள் ஒரு மனிதரின் கையை மட்டும் பார்த்துக்கொண்டு, பொய்யன் என்று தீர்ப்பு எழுதி, அந்தத் தீர்ப்பை நாடு முழுக்க ஒளிபரப்பியிருக்கிறாள். அவருடைய பொறுமையை எடுத்து ஒரு திருட்டு அமைச்சருக்கு மாட்டிவிட்டிருக்கிறாள். அவமானமாக இருந்தது.

சித்துமாவிடம் சொன்னபோது அவன் முதலில் சிரித்தான், பிறகு அறைக்கதவைச் சாத்தினான்.

“சொல்லித் தொலைக்காதே. யார்கிட்டயும்.”

“உங்கப்பா பேச்சு ஊருல எடுபடாமப் போச்சு, என்னால.”

“ஊரு மறந்துரும்.”

“அதுக்குள்ள தெக்லா நெலம் போயிரும்.”

“நல்லா யோசி. மருமகளே மாமனாரை டிவியில நக்கல் பண்ணான்னு தெரிஞ்சா எங்கப்பா எந்த வாசல்ல போய் உக்காருவார்? இப்பவாவது அமைச்சரைப் பாத்துச் செய்யறார்ங்கறாங்க. அப்புறம் வீட்டுலயே மரியாதை இல்லாத ஆளும்பாங்க.”

அவன் சொன்னதில் நியாயம் இருந்தது. அதனால்தான் கலாயி வாயை மூடிக்கொண்டு நைரோபிக்குத் திரும்பினாள். திரும்பியதும் நேரே வமூயுவிடம் போய், நூலை எடுத்துவிடலாம் என்றாள்.

“நாடே அதுக்காகத்தான் டிவி போடுது. எடுக்கறதாவது,” என்றாள் வமூயு. “வபொம்பா ஆளுங்க மிரட்டினாங்களா?”

“அதெல்லாம் இல்லக்கா.”

“அப்ப உள்ள போ.”

உள்ளே போனாள். நூல் எடுக்க வேண்டிய இடம் வந்தது. கையை அசைக்கவில்லை. வெட்டி மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் அசைக்கவில்லை. “கைக்கு என்ன, பக்கவாதமா?” என்று ஒலிபெருக்கி கேட்டது. ஒவிதி அவள் காதோரம், “தங்கச்சி, என்னன்னு என்கிட்ட சொல்லு” என்றார். அவள் கையுறையைக் கழற்றி வைத்தாள். அடுத்த வாரம் அமைச்சரின் வலது கையைக் காய்ச்சல்காரப் பையனுக்கே திருப்பிக் கொடுத்துவிட்டு, கலாயிக்குப் பேட்டி எடுக்கிற பொம்மையின் காகிதம் புரட்டும் கையைக் கொடுத்தார்கள். பையன் எடுத்த நூல் முழ நீளம் இருந்தது. கயிறு இழுப்பதுபோல இழுத்தான். ஜனங்கள் அதற்கும் சிரித்தார்கள்.

அப்போதுதான் அவளுக்கு ஒன்று விளங்கியது. டிவியில் விட்டதை டிவியில் திரும்பப் பிடிக்க முடியாது. நாடு என்ன வேண்டுமானாலும் நினைத்துக்கொள்ளட்டும். கிமிலிலியில் ஒரு மரத்தடியில் கூடுகிற ஜனம் சரியாக நினைத்தால் போதும். விடுப்பு எழுதிக் கொடுத்தாள். “நான் வரமாட்டேன், என்னை இழுக்காதே” என்று சித்துமா கத்தினான். பஸ் நிலையத்தில் அவளுக்கு முன்னால் பையோடு நின்றதும் அவன்தான்.

கூட்டத்தன்று காலையில் தெக்லா வந்து முலோங்கோ வீட்டு முற்றத்தில் உட்கார்ந்தாள். ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவர் தொப்பியைத் தேடி எடுத்துக்கொண்டு புறப்படும்வரை அங்கேயே உட்கார்ந்திருந்தாள்.

சீஃப் அலுவலகத்துக்கு வெளியே மரத்தடியில் நல்ல கூட்டம். நிலத்துக்காக வந்தவர்கள் பாதி, நூலைப் பார்க்க வந்தவர்கள் பாதி. முலோங்கோ எழுந்து நின்றார். வலது கை கோட்டுப் பைக்குள். குன்டு உட்கார்ந்தபடியே ஆரம்பித்தான்.

“சீஃப், பெரியவரைக் கையை வெளிய எடுத்துட்டுப் பேசச் சொல்லுங்க. கோட்டுல நூல் கீல் மாட்டியிருக்கப் போகுது.”

கூட்டம் சிரித்தது. பெண்கள் பக்கத்தில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்த கலாயிக்கு அந்தக் கோட்டுப்பை மட்டும் தெரிந்தது. பைக்குள்ளே விரல்கள் உருட்டிக்கொண்டிருந்தன. அவள் எழுந்துவிட்டாள்.

“சீஃப், நான் ஒண்ணு சொல்லலாமா?”

“யாரும்மா நீ?”

“முலோங்கோ வீட்டு மருமக. நைரோபியில பொம்மைக்குத் தலை வார்றவ.”

“எல்லைக்கும் பொம்மைக்கும் என்னம்மா சம்பந்தம்?”

“எல்லைக்கு இல்ல. நூலுக்குச் சம்பந்தம் இருக்கு.”

அவள் இடது கையை மடக்கி, வலது கையால் அதிலிருந்து ஒரு நூலை எடுத்தாள். உருட்டினாள். கூட்டம் முதலில் கண்ணைச் சுருக்கியது, பிறகு ஹோவென்று சிரித்தது. அமைச்சர் கையேதான், அச்சு அசல். “இன்னொருக்கா” என்று யாரோ கேட்டான்.

“டிவியில இதைச் செய்யறது வபொம்பா இல்ல, நான். பொம்மை சட்டைக்குள்ள இருக்கறது என் கை. வபொம்பா என்னைப் பாத்துக் கத்துக்கிட்டார். நான் எங்க மாமாவைப் பாத்துக் கத்துக்கிட்டேன். எங்க மாமா யாரைப் பாத்தும் கத்துக்கல.”

சிரிப்பு பாதியில் நின்றது. சித்துமா இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டான்.

“அவர் பொய் சொல்றப்ப இப்படிச் செய்யறார்னு நானா நெனச்சுக்கிட்டேன். தப்பா நெனச்சேன். அவருக்குக் கெட்ட வார்த்தை வாய்க்கு வந்துட்டா, அதைச் சொல்லாம முழுங்கறதுக்குச் செய்யறது அது. உங்கள்ல எத்தனை பேர் அவர் வாயால திட்டு வாங்கியிருக்கீங்க? ஒருத்தர் சொல்லுங்க.”

முன்வரிசைக்காரர்கள் பின்னால் திரும்பிப் பார்த்தார்கள்.

குன்டு எழுந்தான். “மாமனார் கையை இத்தனை வருஷமா மொறைச்சு மொறைச்சுப் பாத்துட்டு இருந்திருக்கா இவ. இவ பேச்சையெல்லாம் ஒரு பேச்சுன்னு கேக்கணுமா சீஃப்?”

“மூஞ்சியைப் பாக்கக் கூடாதுன்னாங்க, பாக்கல,” என்றாள் கலாயி. “கையையும் பாக்கக் கூடாதுன்னு யாரும் எனக்குச் சொல்லித் தரலையே.”

பெண்கள் பக்கம் கொல்லென்று சிரித்தது. சீஃப் தொண்டையைச் செருமினார். போன தடவை தானும் சிரித்தது அவருக்கு நினைவு வந்திருக்க வேண்டும்.

“பெரியவரே, கையை வெளிய எடுங்க. நூல் எடுக்கணும்னா தாராளமா எடுங்க. நாங்க காத்திருக்கோம்.”

முலோங்கோவின் கை வெளியே வந்தது. அவர் பேச ஆரம்பித்தார். கற்றாழைக் கன்று யார் தோட்டத்திலிருந்து வந்தது, குழி யார் வெட்டினது, சைக்கிளில் கன்றுகளைக் கட்டிக்கொண்டு வந்து ஓடைச் சரிவில் விழுந்து முழங்காலைப் பெயர்த்துக்கொண்டது இதே குன்டுதான் என்பதெல்லாம் வரிசையாக வந்தது. “தழும்பு இருக்கும், காட்டச் சொல்லுங்க” என்றார். குன்டு காலை உள்ளே இழுத்துக்கொண்டான்.

“அந்த வீட்டுக்கு ராத்திரியில போற ஆளு இதுவும் சொல்வான், இன்னமும் சொல்வான்,” என்றான்.

முலோங்கோவின் கை கோட்டிலிருந்து ஒரு நூலை எடுத்தது. உருட்டியது. கூட்டத்தில் ஒருவரும் சிரிக்கவில்லை. எல்லாத் தலையும் குன்டு பக்கம் திரும்பியது.

“அது உனக்கு, குன்டு,” என்றது பின்வரிசையிலிருந்து ஒரு குரல். “பெரிய நூலாத் தெரியுது.”

“முழுங்கின திட்டு அம்மாவைச் சேத்தா, இல்ல அக்காவைச் சேத்தான்னு தெரியலையே,” என்றது இன்னொன்று. சிரிப்பு அடங்க வெகுநேரம் ஆயிற்று. குன்டு உட்கார்ந்துவிட்டான். கற்றாழை வரிசைதான் எல்லை, புதரை வெட்டி வேலியைத் தெளிவாக்க வேண்டும் என்று சீஃப் எழுதிக்கொண்டார். தெக்லா முந்தானைத் துணியில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, யாரிடமும் சொல்லாமல் முதல் ஆளாக ஓடைப்பக்கம் நடந்தாள்.

வீட்டுக்கு வந்ததும் கலாயி அடுக்களை வாசலில் மண்டியிட்டாள். தண்டனை என்னவென்று கேட்டுவிடுவது நல்லது என்று தோன்றியது. முலோங்கோ தம் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். நாபலாயோ முறத்தில் பயறு புடைத்துக்கொண்டிருந்தாள்.

“அத்தை, நான் செஞ்சது தப்புதான்னு இவங்ககிட்ட சொல்லுங்க. என்ன சொன்னாலும் கேட்டுக்கறேன்னு சொல்லுங்க.”

“கேட்டீங்களா, தப்புதாங்கறா,” என்றாள் நாபலாயோ.

“கேட்டேன். அவகிட்ட ஒண்ணு கேளு. அவங்கண்ணன், இவ வேலைக்குப் போவா, சம்மதமான்னு கேட்டப்ப நான் ஒரு நூல் எடுத்தேனே. எதை முழுங்கினேன்னு அவளுக்குத் தெரியுமான்னு கேளு.”

“தெரியாதுன்னு சொல்லுங்க அத்தை.”

முலோங்கோ நாற்காலியில் முன்னால் சாய்ந்தார். அப்புறம் மாமியாரைத் தாண்டி நேராக மருமகளிடம் பேசினார். இத்தனை வருடத்தில் முதல் தடவை.

“இதை உங்கத்தை வழியா சொல்லி அனுப்ப முடியாதும்மா. ‘முடியாதுன்னு சொல்லுங்க’ன்னு இவ என் தொடையைக் கிள்ளிட்டே இருந்தா. இவளைத்தான் திட்ட வந்தேன். உன்னை ஒண்ணும் சொல்ல வரல.”

“காதுல விழுது,” என்றாள் நாபலாயோ, முறத்தை நிறுத்தாமல்.

“விழட்டும். நீ போறேன்னது எனக்குச் சந்தோஷமாத்தான் இருந்துச்சு. மூஞ்சியைப் பாத்திருந்தா உனக்கே தெரிஞ்சிருக்கும். இப்பவாவது நிமிந்து பாரு.”

நாபலாயோவின் முறம் நின்றது. ஆனால் அவள் வேண்டாம் என்று சொல்லவில்லை. கலாயி நிமிர்ந்தாள்.

முலோங்கோ சிரித்துக்கொண்டுதான் இருந்தார், ஆனால் அவளை நேராகப் பார்க்கவில்லை. அவள் இருக்கும் இடத்துக்குச் சற்றுப் பக்கத்தில் பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய இரண்டு கண்ணிலும் வெள்ளையாகப் புரை விழுந்து முற்றியிருந்தது. எட்டு வருடமாகக் கையை மட்டுமே பார்த்திருந்த கலாயிக்கு அது அதுவரை தெரியாது.